வடக்கு மூலை

அந்த வீட்டுக்குள் வந்துபோனவர்களில் ஒரு தடவையாவது இடறாதவர் கிடையாது. தபால்காரர் இடறியிருக்கிறார், மின்சாரக் கணக்கெடுக்க வந்தவர் இடறியிருக்கிறார், மகளின் மாமனாரும் மாமியாரும் முதன்முதலாக வந்த அன்று ஒருவரைப் பிடிக்கப்போய் இன்னொருவரும் இடறினார்கள். தெருவிலிருந்து பின்னால் போகப்போக மேடேறும் மனை அது. வேறு யாராக இருந்தாலும் மண்ணை வெட்டிச் சமமாக்கி, ஒரே தளமாகக் கட்டிக்கொண்டு நிம்மதியாக இருந்திருப்பார்கள். இந்த வீட்டுக்காரர் மேடு எப்படி ஏறுகிறதோ அப்படியே வீட்டையும் ஏற்றினார். தெருமட்டத்தில் இவர் உட்கார்ந்து வரைகிற அறை. அதன் கிழக்குச் சுவருக்கு அந்தப் பக்கம் முழுக்க மண். அங்கிருந்து சில படி ஏறினால் கூடம், இன்னும் சில படி ஏறினால் சமையலறையும் குளியலறையும், அதற்கும் மேலே படுக்கையறை. தெருக்கதவைத் தவிர வீட்டுக்குள் கதவு என்று ஒன்று இல்லை. குளியலறைக்குக்கூடக் கிடையாது. நத்தை ஓடு மாதிரி ஒரு சுவர் வளைந்து உள்ளே போகும், அதுதான் மறைப்பு. உள்ளே இருப்பவர்கள் இருமிக்கொண்டே இருக்க வேண்டும். அவர் மனைவி பக்கத்துச் சொந்தக்காரர்கள் அந்த வீட்டில் தங்குவதை விட்டதற்கு இந்த இருமல்தான் காரணம்.

தெருவில் அவருக்குப் 'படிக்கட்டு' என்று பெயர். நேரில் பார்த்தால் 'இன்ஜினியர் சார்' என்பார்கள். "இன்ஜினியர் இல்ல, ஆர்க்கிடெக்ட்" என்று திருத்துவார். "ரெண்டும் ஒண்ணுதானே சார்?" என்று கேட்டவன் தொலைந்தான். கையில் பால் பாக்கெட்டோடு நின்று, பால் திரியும்வரை கேட்டுவிட்டுத்தான் போக வேண்டும்.

முப்பது வயதில் ஒரு வடிவமைப்புப் போட்டியில் ஜெயித்து அவர் நகரத்து மார்க்கெட்டைக் கட்டினார். காகிதத்தை மடித்து விரித்த மாதிரி மேலே ஒரே கான்கிரீட் கூரை, நடுவில் தூணே கிடையாது. பூச்சு இல்லை, பெயிண்ட் இல்லை. கான்கிரீட் வார்க்க அடித்த சென்ட்ரிங் பலகையின் மரவரிகூட அப்படியே பதிந்து தெரியும். திறப்பு விழா அன்று நகராட்சித் தலைவர் மேலே அண்ணாந்து பார்த்துவிட்டு, "எப்ப சார் மிச்ச வேலைய முடிப்பீங்க?" என்று கேட்டார். கல்யாணமான புதிதில் முன்வரிசையில் உட்கார்ந்திருந்த அவளுக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. அவர் சிரிக்கவில்லை.

அப்புறம் ஒரு பள்ளிக்கூடம், ஒரு நூலகம், ஆலைத் தொழிலாளர் குடியிருப்பு, ஒரு பஸ் நிலையம். அவ்வளவுதான் அவர் கட்டியது. பள்ளிக்கூடத்தின் தட்டைக்கூரை முதல் மழையிலேயே ஒழுகியது. குழாய் வெளியே தெரிந்தால் அசிங்கம் என்று சுவருக்குள் ஒளித்துவைத்திருந்தார், இலை போய் அடைத்துக்கொண்டது. குடியிருப்பில் காற்று வரட்டும் என்று துளைச்சுவர் வைத்தார். குடிவந்தவர்கள், காற்றோடு பக்கத்து வீட்டுச் சண்டையும் சேர்ந்து வருகிறது என்று துளைகளில் பழைய துணியைத் திணித்தார்கள், பிறகு செங்கல் வைத்தே அடைத்தார்கள். நூலகத்தின் முகத்தை நீலக் கண்ணாடி போட்டு மூடினார்கள். பஸ் நிலையத்தை இடித்தார்கள். மார்க்கெட்டுக்கு ரோஸ் கலரில் பெயிண்ட் அடித்தார்கள். அதைப் போய்ப் பார்த்துவிட்டு வந்தவருக்குக் காய்ச்சல் கண்டது, ஒரு வாரம் யாரோடும் பேசவில்லை. கோபம் வந்தால் அவர் கத்துவார். அதைவிடப் பெரிய கோபம் என்றால் வாயைத் திறக்க மாட்டார்.

புது வேலை வராமல் போனதற்கு அந்த வாயும் ஒரு காரணம். வீடு கட்டித் தரச்சொல்லி வந்த துணிக்கடை முதலாளி ஒருவர், வாசல் தூணில் பூ வேலைப்பாடு வேண்டும் என்று ஆசைப்பட்டார். "பூ வேணும்னா பூக்கடைக்குப் போங்க" என்றார் இவர். முதலாளி எழுந்து போனார், அவரோடு அவர் கூட்டாளிகளும் சொந்தபந்தமும் மொத்தமாகப் போனார்கள். அதற்குப் பிறகு அவளுடைய டீச்சர் சம்பளத்தில்தான் வீட்டில் அடுப்பெரிந்தது. அதை அவள் ஒரு நாளும் சொல்லிக்காட்டியதில்லை. சொல்லிக்காட்டியிருந்தால் மனுஷன் கொஞ்சம் வளைந்திருப்பாரோ என்று இப்போது தோன்றுகிறது.

ஏன் சொல்லவில்லை என்றால், அவளுக்கு அந்த வீடு பிடிக்கும். வெளியே சொன்னால் பைத்தியம் என்பார்கள். வீட்டை வரையும்போது அவளை நிற்கவைத்து, வெறும் கையால் மாவு பிசைகிற மாதிரி பிசையச் சொல்லி, முழங்கையின் உயரத்தை அளந்து சமையல் மேடையின் உயரத்தை வைத்தார். பக்கத்து வீட்டுக்காரி அந்த மேடையில் வெங்காயம் நறுக்கினால் முதுகு வலிக்கும். அவளுக்கு ஒரு நாளும் வலித்ததில்லை. எத்தனை பெண்களுக்கு உடம்பை அளந்து வீடு கட்டிக் கொடுத்திருக்கிறார்கள்?

அத்தனை வருஷம் அந்தப் படிகளில் ஏறி இறங்கியவள் கடைசியில் விழுந்தது ஒரு கண் ஆஸ்பத்திரியின் பளபளவென்ற சமதரையில். இடுப்பெலும்பு முறிந்தது.

"பாத்தியா, சமதரைலதான் விழுந்த" என்றார் அவர், ஆம்புலன்ஸிலேயே. வலியில் பல்லைக் கடித்துக்கொண்டிருந்தவள் அந்த வலியிலும் சிரித்துவிட்டாள்.

ஆபரேஷன் முடிந்து வந்தபோது படியேறக்கூடாது என்று டாக்டர் கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். வாக்கரைப் பிடித்துக்கொண்டு சமதரையில் நடக்கலாம், அவ்வளவுதான். தெருமட்டத்து அறையில் அவருடைய வரைபட மேஜையைச் சுவரோரம் தள்ளிவிட்டுக் கட்டில் போட்டார்கள். குளியலறை இரண்டு மட்டம் மேலே. ஆகவே படுத்த இடத்திலேயே பெட்பேன்.

காலையிலும் சாயங்காலமும் ஒரு ஆயா வந்து போவாள். மற்ற நேரமெல்லாம் அவர்தான். பென்சிலைத் தவிர எதையும் ஒழுங்காகப் பிடிக்கத் தெரியாத மனுஷன், காபி டம்ளர் கழுவினால் உடைக்கிறவர், அந்தப் பேனை இரண்டு கையாலும் ஏந்தி, மேலே செய்தித்தாளைப் போட்டு மூடி, ஒவ்வொரு படியாகக் காலால் தடவிப் பார்த்து ஏறுவார். முகம் சுளிக்க மாட்டார். திரும்பி வந்து வெந்நீரில் துணியை நனைத்து அவளைத் துடைத்துவிடுவார். அவள் கண்ணை மூடிக்கொள்வாள். ஒவ்வொரு தடவையும் செத்துவிடலாம் போல இருக்கும் அவளுக்கு.

அவர் முகம் சுளிக்கிறாரா இல்லையா என்பது அவளுக்குப் பெரிதில்லை. யாரையும் கூப்பிடாமல், யாரும் பார்க்காமல், தானே எழுந்துபோய் உட்கார்ந்துவிட்டு வர வேண்டும். கேட்டது அவ்வளவுதான். அதற்கு இடமும் இருந்தது. கட்டிலுக்கு நேர் எதிரே அறையின் வடகிழக்கு மூலை. அங்கே இரண்டு பக்கம் சுவர் வைத்து, ஒரு கதவைப் போட்டு, கீழே குழாயை இழுத்துத் தெருச் சாக்கடையில் சேர்த்துவிட்டால் தீர்ந்தது.

மகள் ஞாயிற்றுக்கிழமை வந்தாள். வந்ததும் வராததுமாக ஆரம்பித்தாள்.

"அப்பா, அம்மாவுக்கு ஒரு டாய்லெட் வேணும். அரண்மனை கேக்கல."

"படி மேல சாய்தளம் போடப்போறேன்னு சொன்னேனே. வரைஞ்சிட்டுத்தான் இருக்கேன்."

"மழைக்காலமே வந்துருச்சு. இன்னும் வரையறீங்க."

"சரிவு சரியா வரணும்மா. செங்குத்தாப் போட்டா நாற்காலி வண்டி பின்னால உருண்டுரும். நீளமாப் போட்டா கூடத்த அடைச்சுக்கும். கூடத்த சுத்தி எடுத்துட்டுப் போகலாம்னு பாக்கறேன். இங்க வா, காட்டறேன்."

"எனக்கு ஒண்ணும் காட்ட வேணாம். அந்த மூலையில நாலு செங்கல் வெச்சா முடிஞ்சு போச்சு. கொத்தனார் ஒரு வாரம்கறாரு."

"அந்த மூலைய விடு."

"அதான் ஏன்னு கேக்கறேன்."

அவர் மேலே கையைக் காட்டினார். வடக்குச் சுவரில் கூரையை ஒட்டி, இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிவரை நீளமாக ஒரே ஜன்னல். வெயில் நேராக விழாமல் நாள் முழுக்க ஒரே மாதிரி வெளிச்சம் தரும் ஜன்னல். வரைகிறவனுக்கு அதைவிட வேறென்ன வேண்டும் என்பார்.

"அது ஒரே கோடு. நடுவுல ஒரு சுவர் போய் முட்டிச்சுன்னா வெளிச்சம் வெட்டுப்பட்டுப் போகும். அப்புறம் இது அறையே இல்ல, குடோன்."

"வெளிச்சம் வெட்டுப்படறதுக்கு இவ்வளவு கவலைப்படறீங்க. அம்மாவோட மானம் போகுதே, அது கண்ணுக்குத் தெரியலையா?"

"நான் பாத்துக்கறேன்ல? ஒரு நாளாவது மூஞ்சியக் காட்டியிருக்கேனா? நீயே கேளு அவள."

மகள் அம்மாவைப் பார்த்தாள். அம்மா போர்வையின் ஓரத்தை நீவிக்கொண்டிருந்தாள்.

"ஏம்மா, நீயாவது வாயத் தொறந்து சொல்லேன்."

"வரைஞ்சு முடிக்கட்டும்டி" என்றாள். ஏன் அப்படிச் சொன்னாள் என்று அவளுக்கே தெரியவில்லை. இருபது வருஷத்துக்குப் பிறகு அவர் மேஜையில் ஒரு வேலை இருந்தது. காலையில் பென்சிலைச் சீவிக்கொண்டு உட்கார்கிறவர் சாப்பிடக் கூப்பிட்டால்தான் எழுந்தார். அவளுக்கென்று ஒரு சாய்தளம். போட்டு முடித்ததைக் கிழித்துவிட்டு மறுபடி முதலிலிருந்து போட்டார். நாற்காலி வண்டியின் சக்கரத்தை அளந்தார், அவள் கைப்பிடியின் உயரத்தை அளந்தார். சந்தோஷமாக இருந்தார். அந்தச் சந்தோஷத்தைக் கெடுக்க அவளுக்கு மனசு வரவில்லை. தன் மேலேயே அவளுக்கு எரிச்சலாக வந்தது.

"நீங்க ரெண்டு பேரும் எக்கேடோ கெட்டுப் போங்க" என்று சொல்லிவிட்டு மகள் போனாள். போகுமுன் மேலேயிருந்து பையை எடுக்கப்போய்க் கூடத்துப் படியில் இடறினாள். அந்த வீட்டிலேயே பிறந்து வளர்ந்தவள்.

அந்த வாரம்தான் ஆராய்ச்சிக்காரப் பெண் ஒருத்தி போட்டோ எடுப்பவன் ஒருவனோடு வந்து சேர்ந்தாள். பழைய நவீனக் கட்டடங்களைத் தேடித்தேடிப் பதிவு செய்கிறாளாம். பாதுகாக்க வேண்டியவற்றை அரசாங்கத்துக்குச் சிபாரிசு செய்கிற குழுவிலும் இருக்கிறாளாம். நல்ல பெண். வந்ததும் சுவரைத் தடவிப் பார்த்தாள், "பலகை வரி எவ்வளவு துல்லியமா விழுந்திருக்கு சார்" என்றாள். அவருக்கு உச்சி குளிர்ந்துவிட்டது. குளியலறையில் கதவில்லாததைப் பார்த்து அந்தப் பெண் சிரிக்கவில்லை. அதை அவர் மனைவியிடம் தனியாக வந்து சொல்லிவிட்டுப் போனார்.

"எதையும் மாத்தலையே சார்?" என்று கேட்டாள் அந்தப் பெண். "மாத்தியிருந்தா குழுவுல ஏத்துக்க மாட்டாங்க. உங்க மத்த கட்டடம் எல்லாமே அப்படித்தான் தள்ளுபடி ஆயிருச்சு. இது ஒண்ணுதான் மிச்சம்."

"ஒரு ஆணி அடிக்கல" என்றார்.

கீழ் அறையைப் படமெடுக்கும் முறை வந்தது. போட்டோக்காரன் கேமராவில் பார்த்தான், இன்னொரு பக்கம் போய்ப் பார்த்தான், தலையைச் சொறிந்தான். அந்தப் பெண் தயங்கித் தயங்கிக் கேட்டாள்.

"சார்... கட்டில மட்டும் கொஞ்ச நேரம் வெளிய வைக்க முடியுமா? அம்மாவுக்குச் சிரமம்னா வேணாம்."

அவர் மனைவியைப் பார்த்தார். கேட்கவில்லை, பார்த்தார். அந்தப் பார்வையில் முப்பது வயசு ஆள் தெரிந்தார்.

"தாராளமா எடுத்துக்கங்க" என்றாள் அவள்.

வாக்கரோடு அவளைத் தெருக்கதவுக்கு வெளியே, மரத்தடியில் ஒரு நாற்காலியில் உட்காரவைத்தார்கள். கட்டில், பேன், மருந்துப்பெட்டி எல்லாம் வெளியே வந்தன. பள்ளிக்கூடம் விட்டுப் போகிற பிள்ளைகள் பேனை வேடிக்கை பார்த்தன. உள்ளேயிருந்து அவர் பேசுவது கேட்டுக்கொண்டே இருந்தது. மார்க்கெட் கூரை, போட்டி, நகராட்சித் தலைவர் என்று மழையாகப் பொழிந்துகொண்டிருந்தார். ஒரு கட்டத்தில் அவளுக்கு வயிற்றைக் கலக்கியது. கூப்பிட்டாள். குரல் அவளுக்கே சரியாகக் கேட்கவில்லை. இன்னொரு தடவை கூப்பிட நினைத்தாள், அந்தப் பெண் ஓடிவந்துவிடுவாளே என்று விட்டுவிட்டாள். அடக்கிப் பார்த்தாள். முடியவில்லை.

எல்லோரும் போன பிறகு அவர் வந்து பார்த்தார். வெந்நீர் கொண்டுவந்தார்.

"கூப்பிட்டிருக்கலாம்ல?"

"கூப்பிட்டேன்."

அவர் கை ஒரு நிமிஷம் நின்றது. பிறகு துடைத்தது. அன்றைக்கு அவள் மூலையைப் பற்றிப் பேசவில்லை, அதற்குப் பிறகும் பேசவில்லை. பேசி என்ன ஆகப்போகிறது என்று விட்டுவிட்டாள். சாப்பாட்டைக் குறைத்துக்கொண்டாள். உள்ளே போனால்தானே வெளியே வரும். ரொட்டியில் பாதியைத் தட்டிலேயே வைத்தாள், தண்ணீரை நாக்கு நனைகிற அளவுக்கு மட்டும் குடித்தாள். "ஏன் இப்படிக் காஞ்சு போற?" என்று கேட்டார் அவர். வெயிலுக்கு என்றாள். வெளியே மழை பெய்துகொண்டிருந்தது.

மழை விடாமல் பெய்தது. அவர் கட்டிய எல்லாக் கூரையும் போல இதுவும் ஒழுகியது. கூடத்துக்கு மேலே வெளிச்சத்துக்காக விட்ட கண்ணாடியின் ஓரத்திலிருந்து படியில் சொட்டியது. அதற்கு அடியில் வைத்த வாளியை ஆயா தள்ளி வைத்துவிட்டுப் போயிருந்தாள். மத்தியானம் அவர் பேனைத் தூக்கிக்கொண்டு மேலே போனார். அவள் வழக்கம்போலக் கண்ணை மூடிக்கொண்டிருந்தாள். பேன் உருளும் சத்தம் கேட்டது. அதோடு கனமாக இன்னொரு சத்தம்.

"என்னங்க!"

மழைச்சத்தம்தான் கேட்டது.

"என்னங்க, என்ன விழுந்துச்சு?"

"பேன்" என்றது அவர் குரல். கதவில்லாத வீட்டில் குரலுக்குத் தடையில்லை, பக்கத்தில் நின்று பேசுகிற மாதிரிக் கேட்டது. "கூடவே நானும்."

"எந்திரிங்க."

"எந்திரிக்கறேன். இரு." மூச்சு வாங்கினார். "இடுப்புக்குக் கீழ பேச்சக் கேக்க மாட்டேங்குது."

"தலையில அடிபட்டுச்சா?"

"படி விளிம்புல லேசா." பிறகு, "நீ கட்டில்லேர்ந்து எறங்காத. அங்கயே இரு" என்றார்.

அவள் அதற்குள் வாக்கரைப் பிடித்து எழுந்திருந்தாள். படிவரை வந்துவிட்டாள். அதற்கு மேல் வாக்கர் போகாது. படியில் உட்கார்ந்து, கையை ஊன்றிப் பின்பக்கமாக ஏறப் பார்த்தாள். ஒரு படிதான் ஏற முடிந்தது. ஆணியும் தகடும் வைத்த இடுப்பு அப்படியே பூட்டிக்கொண்டது, மறுபடி எழுந்து தெருக்கதவுக்குப் போகவும் முடியவில்லை. அங்கிருந்து பார்த்தால் அவருடைய ஒரு கை மட்டும் தெரிந்தது. கூடத்துத் தரையில் விரலை விரித்துக் கிடந்தது. சட்டைக் கையெல்லாம் அசுத்தம்.

"உங்க போன் எங்க?"

"சமையல் மேடைல. உன்னோடதும் அங்கதான். சார்ஜுக்குப் போட்டேன்."

"பக்கத்து வீட்டக் கூப்பிடறேன்."

"கூப்பிடு. கேக்காது. பத்து அங்குல கான்கிரீட்டு." அதில்கூட ஒரு பெருமை இருந்தது.

அவள் கத்தினாள். தொண்டை வறளும்வரை கத்தினாள். மழை அதன்பாட்டுக்குப் பெய்தது. ஆயா வரச் சாயங்காலம் ஆகும். பிறகு கத்துவதை விட்டுவிட்டுக் கையை எட்டினாள். அவருடைய விரல் நுனிக்கும் அவள் விரல் நுனிக்கும் நடுவில் கொஞ்சம் இடம் மிச்சமிருந்தது.

"எட்டல" என்றாள்.

"விடு. இருக்கேன்ல."

"வலிக்குதா?"

"இல்ல. அதான் பயமா இருக்கு." மூக்கை உறிஞ்சினார். "நாறுதில்ல?"

"என்னோடதுதானே."

அவர் சிரித்தார். அவளும் சிரித்தாள், சிரிக்கும்போதே அழுகை வந்தது. மூக்கை முந்தானையில் துடைத்துக்கொண்டாள்.

"இங்கேர்ந்து பாத்தா கூரை நல்லாத் தெரியுது" என்றார். "அந்தக் கண்ணாடிய அவ்வளவு ஓரத்துல வெச்சிருக்கக்கூடாது. ஒரு ஜாண் தள்ளியிருந்தா ஒழுகியிருக்காது."

"இப்ப அதுவா முக்கியம்?"

"வேறென்ன செய்யறது, படுத்துக்கெடக்கேன்." குரல் மெலிந்துகொண்டே வந்தது. அவர் தூங்கிவிடாமல் இருக்க அவள் எதையெதையோ கேட்டாள். மார்க்கெட் கூரையை எத்தனை பேர் நின்று வார்த்தார்கள், அந்தப் போட்டியில் இரண்டாவதாக வந்தவர் யார், கல்யாணத்துக்கு முன்னால் அவளை முதலில் பார்த்தபோது என்ன நினைத்தார். ஆயிரம் தடவை கேட்டுச் சலித்த கதைகள். ஒவ்வொன்றுக்கும் பாதிதான் பதில் வந்தது.

"இந்தா பாரு" என்றார் திடீரென்று.

"சொல்லுங்க."

"அந்த மூலையில கட்டிக்கோ."

அவள் படியின் விளிம்பை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள்.

"கேட்டுச்சா? கொத்தனாரக் கூப்பிட்டுக் கட்டிக்கோ. கதவும் போட்டுக்கோ."

"எனக்கு வேணாம்" என்று கத்தினாள் அவள். "எனக்கு ஒண்ணும் வேணாம். நீங்க எந்திரிச்சு வாங்க. சாய்தளம் போடுங்க. நான் இருக்கேன், எத்தன நாள் ஆனாலும் இருக்கேன்."

ஆயா குடையை மடக்கிக்கொண்டு வந்து பார்த்தபோது ஒருவர் கீழேயும் ஒருவர் மேலேயுமாக அப்படியே கிடந்தார்கள்.

அவரை ஆஸ்பத்திரியில் நீண்ட நாள் வைத்திருந்தார்கள். முதுகெலும்பில் அடி, இனி நடக்க முடியாது என்றார்கள். தலையிலும் ரத்தம் கட்டியிருந்தது, எடுத்தார்கள். "வயசாயிருச்சு. சில பேருக்குப் பழைய தெளிவு வரும், சில பேருக்கு வராது. பாக்கலாம்" என்றார் டாக்டர். அவளை மகள் தன் வீட்டுக்குக் கூட்டிப்போய்விட்டாள். அங்கே எல்லாம் ஒரே மட்டம். கதவுகள் ஏராளம். அவள் ராஜாத்தி மாதிரி தானே போய்த் தானே வந்தாள். ஒரு சுகமும் தெரியவில்லை.

அதற்குள் மகள் கொத்தனாரை வைத்து மூலையில் கட்டி முடித்துவிட்டாள். மகளிடம் அவள் கட்டவேண்டாம் என்று சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. இனி அவருக்கும் அது வேண்டுமே என்று மகளும் சொன்னாள், அவளும் தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். கொத்தனார் வேலை சுமார்தான். தரைச் சரிவைத் தப்பாகக் கொடுத்துவிட்டார், தண்ணீர் குழாய்ப் பக்கம் போகாமல் வாசல் பக்கம் வந்து தேங்கியது. பக்கத்து மாடியிலிருந்து பார்த்தால் தெரியும் என்று, மூலைக்குள் அகப்பட்ட ஜன்னல் பகுதியைச் செங்கல் வைத்து அடைத்துப் பூசியிருந்தார். வெள்ளை டைல்ஸ், ஒரு பல்ப், ஒரு பிளாஸ்டிக் கதவு. நடுவில் ஆராய்ச்சிக்காரப் பெண் ஒருநாள் வந்தாளாம். மணலையும் செங்கலையும் வாசலில் பார்த்தாள், உள்ளே எட்டிப்பார்த்தாள், "ஐயோ" என்றாள், போய்விட்டாள். அதற்குப் பிறகு போன் வரவில்லை.

இரண்டு பேரும் ஒரே நாளில் வீட்டுக்கு வந்தார்கள். கீழ் அறையில் இரண்டு கட்டில். அவரை ஸ்ட்ரெச்சரிலிருந்து மாற்றிப் படுக்கவைத்தபோது அவள் கண்கொத்திப் பாம்பாக அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவர் கண் கூரைக்குப் போனது. ஜன்னல் கோட்டைப் பிடித்துக்கொண்டு இந்தக் கோடியிலிருந்து நகர்ந்தது. புதுச்சுவர் வந்து முட்டிய இடத்தில் நின்றது. கொஞ்ச நேரம் நின்றது. பிறகு கண்ணை மூடிக்கொண்டார்.

அன்று முழுக்க அவர் பேசவில்லை. அவளுக்குப் பயமாகவும் இருந்தது, கொஞ்சம் நிம்மதியாகவும் இருந்தது. பெரிய கோபம். மார்க்கெட்டுக்குப் பெயிண்ட் அடித்தபோது இருந்த கோபம். ஒரு வாரம் பேசமாட்டார், பிறகு கத்துவார், கத்தட்டும். எதிரே இருந்த அந்த அறைக்குள் அவள் போகவில்லை. ஆயாவைப் பேன் எடுத்து வரச் சொன்னாள். ஆயா அவளை ஒரு மாதிரியாகப் பார்த்தாள்.

மறுநாள் காலையில் அடக்க முடியவில்லை. ஆயா இன்னும் வரவில்லை. அவர் விழித்துக்கொண்டுதான் இருந்தார். வாக்கரைப் பிடித்து எழுந்து, அவர் பக்கம் திரும்பாமல் நடந்தாள். தேங்கிய தண்ணீரைத் தாண்டி உள்ளே போனாள். கதவைச் சாத்தித் தாழ்ப்பாள் போட்டாள். அந்த வீட்டுக்கு உள்ளே அவள் போட்ட முதல் தாழ்ப்பாள். உட்கார்ந்தாள். யாரும் பார்க்கவில்லை. பழக்கதோஷத்தில் ஒரு தடவை இருமினாள்.

"உள்ள இருக்கியா?" என்றது அவர் குரல்.

பேசிவிட்டார்.

"இருக்கேன்."

"வெளிச்சம் வருதா?"

அவள் சுற்றிப் பார்த்தாள். டைல்ஸ். பல்ப் போட மறந்திருந்தாள். கதவுக்கடியில் மட்டும் ஒரு கோடு.

"வருதுங்க."

"எந்தப் பக்கத்துலேர்ந்து?"

என்ன சொல்வது என்று தெரியவில்லை. பதறிப்போய் வாய்க்கு வந்ததைச் சொன்னாள்.

"கிழக்கேர்ந்து."

சொன்ன பிறகுதான் உறைத்தது. கிழக்கே மண். ஆள் உயரத்துக்கு மேல் மண். அதை வெட்டி, அந்தச் சுவரை அங்கே நிறுத்தியவரே அவர்தான். அந்தச் சுவர் ஈரம் குடிக்காமல் இருக்க அவர் பட்ட பாடு அவளுக்குத் தெரியும். கிழக்கேர்ந்து வெளிச்சமா, உனக்கென்ன கிறுக்கா, மண்ணுக்குள்ளேர்ந்தா சூரியன் வருது என்று இப்போது கத்துவார். கத்தட்டும். தொண்டை கிழியக் கத்தட்டும். அவள் கதவைப் பார்த்தபடி, மூச்சைக்கூடச் சத்தமாக விடாமல் காத்திருந்தாள்.

"அப்படியா" என்றார் அவர். "நல்லதாப் போச்சு. காலை வெயில் உனக்கு நல்லது."